இன்னும் நாலு வாய்தான் மாமா

பக்கவாதம் வந்து பேச்சை இழந்த என் மாமனாருக்கு ஆறு மாதமாக நான்தான் ஊட்டிவிட்டேன். ஒரு நாள் தன் அப்பாவைப் பார்க்க நிலக்கோட்டையிலிருந்து வந்த நாத்தனார், "அத்தா இம்புட்டு மெலிஞ்சுட்டாரே, ஒழுங்கா சோறு குடுக்குறியா இல்லையா?" என்று கேட்டுவிட்டார். மனசுக்குச் சுருக்கென்றது.

மறுநாள் மதியம் வழக்கத்தைவிட இரண்டு மடங்கு சோற்றைக் குழைத்து எடுத்துப் போனேன். பாதியிலேயே மாமா வாயை இறுக மூடிக்கொண்டார். பிடிவாதம் என்று நினைத்தேன். "இன்னும் நாலு வாய்தான் மாமா" என்று கெஞ்சி, முழுவதையும் ஊட்டி, உடனே படுக்க வைத்தேன். சிறிது நேரத்தில் வாந்தி வந்தது. மூச்சுத் திணறினார்.

"வயித்துல எடமில்லாம மேல வந்த சோறு நுரையீரலுக்குள்ள போயிருச்சும்மா" என்றார் மருத்துவர். ஐந்தாம் நாள் மாமா இறந்துவிட்டார். என் கணவர் இன்றுவரை என்னை ஒரு வார்த்தை சொன்னதில்லை. நாத்தனார்தான், "நான் அப்படிக் கேட்டிருக்கக் கூடாது" என்று என் கையைப் பிடித்து அழுதார்.

இப்போது என் மகளின் கைக்குழந்தைக்குப் புட்டிப்பால் கொடுக்கிறேன். குழந்தை உறிஞ்சுவதை நிறுத்தினால் நானும் நிறுத்திவிடுவேன். தோளில் சாய்த்து, ஏப்பம் வரும்வரை நடப்பேன்.

"பால் வீணாப் போகுதேம்மா" என்பாள் மகள்.

"போகட்டும்த்தா" என்று சொல்லிவிட்டு மிச்சத்தைக் கொட்டிவிடுவேன்.

— ஒரு வாசகி, திண்டுக்கல்