ராஜலட்சுமி அலசிய மணல்

தொழிற்சாலை கேண்டீனில் காலை டிபனுக்கு உட்கார்ந்திருந்தபோது ராஜலட்சுமியின் தம்பி சேகர் அழைத்தார். "அக்கா போயிட்டாங்க கீதாம்மா. விடியக்காலைல, தூக்கத்துலேயே." எதிர்பார்த்திருந்த செய்திதான். இருந்தும் தட்டிலிருந்த இட்லியை முடிக்க முடியவில்லை.

பாலாநகரில் தரச் சோதனைப் பிரிவில் நாங்கள் இருவரும் பக்கத்துப் பக்கத்து மேசை. அவர் மணம் செய்துகொள்ளவில்லை. தார்நாகாவில் தனியே வசித்தார். ஒரு பாகம் சரியில்லை என்று திருப்பிவிட்டால், எந்த மேலதிகாரி வந்து நின்றாலும் அசைய மாட்டார்.

சில ஆண்டுகளுக்கு முன், அவர் வீட்டு மாடியில் குடியிருந்த இளைஞர் வீட்டைக் காலி செய்தபோது ஒரு கண்ணாடித் தொட்டியை விட்டுப்போனார். உள்ளே ஓர் ஆக்சலாட்டில்: தவளைக்கு உறவான, ஆயுள் முழுக்கத் தண்ணீருக்குள்ளேயே வாழும், வெளிர் ரோஜா நிறப் பிராணி.

"நக்கோ ஆண்ட்டி, வேண்டாம், அது பிழைக்காது. தூக்கிப் போட்டுடுங்க" என்றாராம்.

"உயிரோட இருக்கிறதை எப்படிப்பா தூக்கிப் போடறது?" என்று இவர் கீழே கொண்டுவந்துவிட்டார்.

அது இரை எடுக்கவில்லை. வயிறு ஒருபக்கம் புடைத்திருந்தது. கால்நடை மருத்துவர் எக்ஸ்ரே எடுத்தார். தொட்டியில் அழகுக்குப் போட்டிருந்த கூழாங்கல்லை விழுங்கியிருந்தது. ராஜலட்சுமி கற்கள் அத்தனையையும் அகற்றினார். உறைந்த தண்ணீர் பாட்டில்களை மிதக்கவிட்டு நீரைக் குளிர்ச்சியாக வைத்தார். ஒருநாள் கல் வெளியே வந்தது. அன்று பிரிவில் எல்லோருக்கும் மைசூர்பாகு கொடுத்தார். காரணத்தைச் சொன்னதும் சிலர் சாப்பிடத் தயங்கினார்கள்.

வெறும் கண்ணாடியில் அதற்குக் கால் வழுக்கியது. அதனால் பொடி மணல் வாங்கினார். முதலில் வாங்கியது வினிகர் பட்டதும் நுரைத்தது. சுண்ணாம்பு கலந்திருக்கிறது என்று கடைக்காரரிடமே திருப்பிக் கொடுத்தார். அடுத்ததை மொட்டைமாடியில் வாளி வாளியாக, தண்ணீர் தெளியும்வரை அலசினார். சோப்பைக் கிட்டே கொண்டுவரக் கூடாது என்பார்.

சென்ற கோடையில் சிறுநீரகம் பழுதாகி மருத்துவமனையில் சேர்ந்தார். வீட்டுச் சாவி என்னிடம் இருந்தது. போய்ப் பார்த்தால் மணலுக்கடியில் கறுப்புத் திட்டுகள். அழுகிய முட்டை நாற்றம். போன் செய்தேன்.

"மொத்தத்தையும் கொட்டிடட்டுமா ராஜி?"

"ஐயோ, வேண்டாம். ஒரேயடியா மாத்தினா தண்ணி கெட்டுடும். முதல்ல அவனை டப்புக்கு மாத்து. கறுத்த இடத்தை மட்டும் டியூபால உறிஞ்சி எடு. மீதியை அடுத்த வாரம் பாத்துக்கலாம்."

"உனக்கு இப்ப டயாலிசிஸ் இல்லையா?"

"நடந்துக்கிட்டுதான் இருக்கு. நீ டியூபைப் பிடி."

பிராணி பிழைத்தது. வீடு திரும்பியவர் செருப்பைக் கழற்றியதும் நேரே தொட்டிக்குத்தான் போனார். "மணல் நல்லா இருக்கு" என்றார். இத்தனை வருடங்களில் என் வேலை ஒன்றை அவர் குறையில்லாமல் ஏற்றுக்கொண்டது அன்றுதான்.

காரியங்கள் முடிந்ததும் சேகர், "ஏரில விட்டுடலாமா? புண்ணியம்" என்றார். ஏரியின் வெதுவெதுப்பில் அது தாங்காது என்று சொல்லி, அல்வாலில் இருக்கும் என் வீட்டுக்கு ஆட்டோ பிடித்தேன். மடியில் அதை வைத்து மூடிபோட்ட டப். காலடியில் ஈர மணல் வாளி. வேகத்தடை வரும்போதெல்லாம் தண்ணீர் புடவையில் தளும்பியது.

ஓட்டுநர் திரும்பி எட்டிப் பார்த்தார். உங்களுடையதா என்று உருதுவில் கேட்டார்.

"ஹவ்" என்றேன், ஆமாம் என்று அவர் பேச்சிலேயே.

போய் வா, ராஜி.