ஹாலிடேயில் போடப்பட்டவர்

எந்தக் கட்டடத்துக்குள் நுழைந்தாலும் அருள்மணியின் கண் முதலில் சுவரில் தொங்கும் சிவப்பு சிலிண்டரைத்தான் தேடும். கல்யாண மண்டபமானாலும் சரி, பல் டாக்டர் கிளினிக்கானாலும் சரி, கிட்டே போய்க் குனிந்து, அழுத்தம் காட்டும் முள் பச்சையில் நிற்கிறதா என்று பார்த்த பிறகுதான் மனிதர்களுக்கு வணக்கம். சென்ற மாதம் தில்லி துவாரகாவில் ஒரு துக்க வீட்டுக்குப் போனவர், மாடிப்படி ஓரத்துச் சிலிண்டர் காலி என்று காவலாளியிடம் இந்தியில் சண்டை பிடித்துவிட்டார். "எழவு வீட்டுலயுமா?" என்று மனைவி தமிழ்செல்வி சட்டையைப் பிடித்து இழுத்தாள். "தீ பிடிச்சா எழவு வீடுன்னு விட்டுருமாட்டி?" என்றார்.

பாளையங்கோட்டைக்காரர். தில்லிக்கு வந்து முப்பது வருஷத்துக்கு மேலாகிறது. தீயணைப்பு சிலிண்டர்களில் பொடி நிரப்பி, அழுத்தம் ஏற்றி, தேதி எழுதிய சீட்டைக் கட்டித் தொங்கவிடுவது தொழில். முக்கால்வாசி வேலை ஒரே இடத்தில், ஒரு பொதுத்துறை நிறுவனத்தின் தில்லி அலுவலகங்களில். நன்றாக இந்தி பேசுவார். கோபம் வந்தால் மட்டும் திருநெல்வேலி. ஆங்கிலத்தில் எது வந்தாலும் போனை மகள் அனன்யாவிடம் நீட்டிவிடுவார். அவள் குர்காவ்ன் கம்பெனியில் வேலை பார்க்கிறாள். "எம்மவ இங்கிலீசு பேசுனா வெள்ளக்காரனே எந்திரிச்சு நிப்பாம்லா" என்று மெட்ரோவில் பக்கத்து சீட்டுக்காரரிடம்கூடச் சொல்லுவார்.

இனி ஒரு சொல்லைப் பற்றிச் சொல்லவேண்டும். ஒப்பந்தக்காரரைக் கறுப்புப் பட்டியலில் சேர்ப்பதற்கு அந்த நிறுவனத்தில் 'ஹாலிடே லிஸ்ட்' என்று பெயர். ஒருவன் பிழைப்பை நிறுத்திவைப்பதற்கு விடுமுறை என்று பெயர் சூட்டிய புண்ணியவான் யாரோ, அவன் நன்றாக இருக்கட்டும். வருஷக் கடைசியில், எந்தெந்த நாளில் கேட் பூட்டியிருக்கும் என்று ஒப்பந்தக்காரர்களுக்கெல்லாம் இதே நிறுவனம் ஒரு பட்டியல் அனுப்பும். அதற்கும் ஹாலிடே லிஸ்ட் என்றுதான் பெயர்.

போன டிசம்பரில் ஒரு நாள் காலை மின்னஞ்சல் வந்தது. அனன்யா ஷூ மாட்டிக்கொண்டே தலைப்பை மட்டும் பார்த்தாள். "ஹாலிடே லிஸ்ட்தான்பா. வருஷா வருஷம் வர்றதுதானே, சோடோ" என்று போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு ஓடினாள். அவரும் விட்டுவிட்டார்.

பிப்ரவரியில் ஆணை வந்தது. சோதனை செய்தபோது மூன்றாம் மாடியில் சில சிலிண்டர்கள் காலியாக இருந்தன, நிரப்பாமலே நிரப்பியதாகச் சொன்னார், விளக்கம் கேட்டும் பதில் இல்லை, ஆகவே இரண்டு வருஷம் ஹாலிடே. மற்ற அரசு அலுவலகங்களின் டெண்டரிலும் முதல் கேள்வியே 'எங்காவது தடை உண்டா' என்பதுதான். ஒன்றன்பின் ஒன்றாக எல்லாக் கதவும் சாத்திக்கொண்டன. கூட இருந்த இரண்டு வேலைக்காரர்களையும் அனுப்பிவிட்டார். "ஒரு வார்த்த கேக்காம கழுத்தறுத்துட்டானுவ, நோட்டீசே வரல" என்று வீட்டில் கத்தினார். அப்போது அதை அவர் மனதார நம்பினார்.

பல நாள் அலைந்து அந்த நிறுவனத்தின் அதிகாரி ஜெயராமைப் பார்த்தார். நல்ல மனிதர், தஞ்சாவூர்ப் பக்கம், டீ வரவழைத்தார். அருள்மணி நடந்ததைச் சொன்னார். சோதனைக்கு முந்தின வாரம் அதே அலுவலகத்தில் தீயணைப்புப் பயிற்சி நடந்தது. மூன்றாம் மாடி சிலிண்டர்களை முற்றத்தில் அடித்துத் தீர்த்து, கைதட்டி, படம் எடுத்துக்கொண்டு, காலி சிலிண்டரையே திரும்ப மாட்டிவிட்டார்கள். அந்தப் படம் நிறுவனத்தின் சொந்தப் பத்திரிகையிலேயே அச்சாகியிருக்கிறது.

ஜெயராம் டீயை வைத்துவிட்டு நிமிர்ந்தார். "அடடா, இதை அப்பவே எழுதிக் குடுத்திருக்கலாமே?"

"யாரு சார் கேட்டாவ?"

"மெயில் போட்டோமே, டிசம்பர்ல." கணினித் திரையைத் திருப்பிக் காட்டினார். பதினைந்து நாளில் பதில் தரவும் என்று உள்ளே இருந்தது. மேலே தலைப்பு: ஹாலிடே லிஸ்ட். "மேலிடத்துல கையெழுத்தாயிடுத்து. இனிமே என் கையில ஒண்ணும் இல்ல சார்." அருள்மணிக்கு மகள் ஷூ மாட்டிக்கொண்டு நின்றதுதான் கண்ணில் வந்தது.

கோல் மார்க்கெட் பக்கம் இருக்கும் வக்கீல் பட்டாபி விஷயத்தைக் கேட்டு மேஜையைத் தட்டினார். "இப்படித் தலைப்பு போட்டா எவனுக்குப் புரியும்? இதுதான் சார் நம்ம கேஸ். அவா ஃபைல்ல நோட்டீஸ் மட்டும்தான் வைப்பா, தலைப்பைக் காட்டமாட்டா. உங்க போன்ல இருக்கறதைப் பத்திரமா வெச்சுக்கோங்கோ. பொண்ணுதானே பார்த்தா? தலைப்பைப் பார்த்து ஏமாந்துட்டேன்னு அவ ஒரு பிரமாணப் பத்திரம் குடுத்தா போறும், உங்களைக் கூப்பிட்டு விசாரிக்கச் சொல்லிக் கோர்ட் உத்தரவு போடும்."

"எம்மவளா?"

"வேற யாரு சொன்னா நம்புவா?"

"யோசிச்சு சொல்லுதேன் சார்" என்று எழுந்தவர், பல நாள் யோசித்துக்கொண்டுதான் இருந்தார். வீட்டில் மட்டும் அந்தப் பழைய வசனத்தை மாற்றவில்லை. நோட்டீசே வரல.

ஞாயிற்றுக்கிழமை அனன்யா ஆணையை முதல்முறையாக முழுசாகப் படித்தாள். முகம் சிவந்துவிட்டது. "அப்பா, ஸப் ஜூட், எல்லாம் பொய்! டிசம்பர்ல நோட்டீஸ் அனுப்பினாங்களாம். போன் குடுங்க, டிசம்பர் மெயில் எல்லாத்தையும் நான் செக் பண்றேன். எதுவும் வரலன்னு ப்ரூஃப் எடுத்து அவங்க மூஞ்சில அடிக்கிறேன்."

"அதெல்லாம் எதுக்கு மக்கா, வரலன்னா வரலதான்."

"ஜல்தி குடுங்கப்பா."

"செத்த பொறு. தாரேன்."

அவள் கையை நீட்டியபடி நின்றாள். அருள்மணி அவளுக்கு முதுகு காட்டித் திரும்பி உட்கார்ந்தார். விரலால் தள்ளித் தள்ளி டிசம்பருக்குப் போய், அந்த மின்னஞ்சலை அழித்தார். அழித்தவை சேரும் இடத்திலிருந்தும் அதை அழித்துவிட்டுப் போனை மகள் கையில் வைத்தார்.