பெட்டியில் விழாத சீட்டு

கையில் ஒன்றும் இல்லாதபோதும் மயில்சாமியின் வலது கை விரல்கள் ஏன் வளைந்தே இருக்கின்றன? கோயில் பார்க்கிங்கில் நின்று பேசும்போதும் சரி, காரில் சிக்னலுக்குக் காத்திருக்கும்போதும் சரி, கட்டைவிரலுக்கும் மற்ற நான்கு விரல்களுக்கும் நடுவே ஒரு வட்டம். எதையோ கீழே விட்டுவிடக் கூடாது என்பதுபோல. தொண்ணூற்றெட்டாம் வருஷத்தில் இந்தக் கேள்விக்குப் பதில் தெரியவில்லை. நரம்புக் கோளாறாக இருக்கும் என்று விட்டாயிற்று.

அவரால் ஓரிடத்தில் உட்கார முடியாது. நியூ ஜெர்சி பிரிட்ஜ்வாட்டரில் சொந்த வீடு, ஆறு நாற்காலி போட்ட சாப்பாட்டு மேசை எல்லாம் உண்டு. ஆனால் இட்லியைச் சமையலறை மேடையோரம் நின்றபடிதான் தின்பார். டிவியில் ஒரு சானல் ஐந்து நிமிஷம் நிற்காது. ஆபீசில், இரண்டாயிரமாவது வருஷம் பிறப்பதற்குள் பழைய புரோகிராம்களை எல்லாம் திருத்துகிற வேலை. வருஷத்தை இரண்டே இலக்கத்தில் எழுதிவைத்துவிட்டுப் போனவர்களைத் திட்டிக்கொண்டே திருத்துவார். அமெரிக்கா வந்து பன்னிரண்டு வருஷமாகியும் பொள்ளாச்சிப் பேச்சு போகவில்லை; இங்கிலீஷ் மட்டும் கூடச் சேர்ந்துகொண்டது. "டென்ஷன் எல்லாம் இல்லீங்க. சும்மா இருக்கறதுதான் டிஃபிகல்ட்டா இருக்குது," என்பார்.

சனிக்கிழமை சாயங்காலம் மட்டும் அவர் ஓரிடத்தில் நிலைப்பார். அது தமிழ்ச் சங்கச் செயலாளர் கந்தசாமி வீட்டு பேஸ்மென்ட். மேலே பெண்களும் பிள்ளைகளும். கீழே ஆண்களும் ஸ்காட்ச்சும். கிளம்ப நேரமானால் எந்தப் பெண்ணும் படியிறங்கி வரமாட்டார், பிள்ளையைத்தான் அனுப்புவார். மயில்சாமியைக் கூப்பிட அவர் மகள் வெண்பா வருவாள். எட்டு வயது. முதல் தடவை வந்தால், "ஃபைவ் மினிட்ஸ் கண்ணு." இரண்டாம் தடவை, "இதோ வந்துட்டேன் கண்ணு." மூன்றாவதாக வருவது கார் ஹார்ன். திரும்பும்போது மனைவி வசந்தாமணிதான் டிரைவ் பண்ணுவார்.

வசந்தாமணி சண்டை போடுகிறவர் இல்லை. செப்டம்பரில் ஒருநாள், டிஷ்வாஷரில் தட்டுகளை அடுக்கிக்கொண்டே சொன்னார்: "ஏனுங்க, டிசம்பர்ல வெண்பாவக் கூட்டிட்டு ஊருக்குப் போறேன். திரும்பி வர டிக்கெட் போடலீங்க."

"ஏன், எப்ப வருவேன்னு உனக்கே தெரியாதா?"

"வருவனான்னே தெரியலீங்க. கோயமுத்தூர்ல அக்கா ஸ்கூல் பாத்து வெச்சிருக்கா. போடறதும் போடாததும் உங்க கையிலதான் இருக்குது."

மயில்சாமி குனிந்து கையைப் பார்த்தார். கிளாஸ் இருந்தது.

அந்த வாரமே ஊர் நூலகத்தின் பழைய புத்தக விற்பனையில், அட்டை போன ஒரு தொகுப்பை எடுத்து வந்தார். பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமெரிக்கர்கள் குடிக்கு எதிராகப் போட்ட நாடகங்கள். எதற்காக எடுத்தார் என்று அவருக்கே தெரியாது. இரண்டே நாளில் நின்றபடி படித்து முடித்தார். பிறகு பார்த்தவர்களை எல்லாம் பிடித்துக்கொண்டார்.

"நம்மூர்லதான் இந்தக் கூத்துன்னு நெனச்சிருந்தேனுங்க. இங்க நூத்தம்பது வருசத்துக்கு முன்னாடியே நடந்திருக்குது. தியேட்டருக்குப் போறது பாவம்னு சொன்ன ஜனம், 'லெக்சர் ரூம்'னு பேர மாத்தி வெச்சதும் குடும்பத்தோட வந்திருக்குது பாருங்க! குடிச்சுக் குடிச்சு மூளை கலங்கிப் பாம்பு, பாம்புன்னு ஹீரோ கத்தற சீனுக்குத்தான் கூட்டமே. நாடகம் முடிஞ்சதும் 'இனிமே தொட மாட்டேன்'னு கார்டுல கையெழுத்து வேற!"

படித்ததில் பாதி நாடகங்களில் அதே ஆட்கள்தான். நல்ல குடும்பத்தில் பிறந்து வீணாகிறவன், சிரித்த முகத்தோடு ஊற்றிக்கொடுக்கும் கடைக்காரன், கடை வாசலுக்கு வந்து அப்பாவைக் கூப்பிடும் சிறுமி. ஒன்றைத் தமிழாக்கி, கதாநாயகனை ரைஸ்மில் முதலாளியாக்கி, சங்கத்தின் தீபாவளி விழாவில் போடுவதென்று முடிவு செய்தார். ஒத்திகைக்கு இடம் கந்தசாமியின் பேஸ்மென்ட். அங்கிருந்த பார் கவுன்டரே சாராயக்கடை. "செட்டு ரெடியா இருக்குதுங்ணா," என்றார் கந்தசாமி, எல்லோருக்கும் ஊற்றிக்கொண்டே.

குடிகாரனாக நடித்தவர் பல் டாக்டர் சேனாபதி. வாழ்நாளில் மோருக்கு மேல் குடித்ததில்லை. கையைக் காலை வீசித் தள்ளாடினார், எல்லோரும் கைதட்டினார்கள். மயில்சாமிக்குப் பொறுக்கவில்லை.

"அப்படி இல்லீங்க டாக்டர். குடிச்சவன் தள்ளாட மாட்டான். தள்ளாடிறக் கூடாதுன்னு பாத்துப் பாத்து நடப்பான். படியில மட்டும் செவுத்தத் தொட்டுக்குவான், யாரும் பாக்காத மாதிரி." நடந்து காட்டினார். சுவரைத் தொட்டார்.

"பிரமாதம் மயில்சாமி! எங்கே கத்துக்கிட்டீங்க?" என்றார் சேனாபதி.

"வாராவாரம் இங்கதான் ட்ரெய்னிங்," என்றார் கந்தசாமி. பேஸ்மென்டே சிரித்தது. மயில்சாமியும் சிரித்தார், சற்றுத் தாமதமாக.

சிறுமி வேஷத்துக்கு வெண்பாவை விட்டால் ஆளில்லை. மற்ற பிள்ளைகள் தமிழ் வசனம் என்றதும் ஓடிவிட்டன. அவளுக்கு அரைப் பக்கம் அழுகை வசனம் எழுதியிருந்தார். ஒத்திகையில் அவள் படியிறங்கி வந்தாள். கடைசிக்கு முந்தைய படியில் நின்றாள். ஒரு கையால் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, கார்ப்பெட்டைப் பார்த்தபடி சொன்னாள்:

"அப்பா. அம்மா கார்ல இருக்காங்க."

"இது டயலாக் இல்லயே கண்ணு. வீட்டுக்கு வாங்கப்பான்னு அழுதுட்டே சொல்லணும்."

"பட் இப்படித்தான் சொல்லணும், அப்பா. அழுதா எல்லா அங்கிளும் என்னையே பாப்பாங்க."

சிரிக்க வாய் திறந்த சேனாபதி நிறுத்திக்கொண்டார். யாருடைய கிளாஸிலோ ஐஸ் உடைந்தது. மயில்சாமி தன் கிளாஸை கவுன்டரில் வைத்தார், எடுத்தார், மறுபடி வைத்தார். அரைப் பக்க வசனத்தை அடித்துவிட்டு, அவள் சொன்னதையே எழுதிக்கொண்டார்.

விழா ஒரு பள்ளிக்கூட ஆடிட்டோரியத்தில். சேனாபதி பாம்பைப் பார்த்து அலறியபோது பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தன. வெண்பா வந்து தன் ஒற்றை வரியைச் சொன்னபோது ஒரு சத்தமில்லை. முன்வரிசைப் பெண்கள் தங்கள் கணவன்மார் பக்கம் திரும்பவே இல்லை.

பழைய வழக்கம் விட்டுப்போகக் கூடாது என்று அவர் நூற்றைம்பது சீட்டு அச்சடித்திருந்தார். 'நான் இன்று முதல் மது அருந்த மாட்டேன் என்று உறுதி கூறுகிறேன். பெயர். கையொப்பம்.' லாபியில் சமோசா மேசைக்குப் பக்கத்தில் சீட்டுக்கட்டு, ஓட்டை போட்ட ஒரு பெட்டி, மேசைக்காலில் சணலால் கட்டிய ஒரு பேனா. சங்கம் வருஷாவருஷம் நடத்தும் பரிசுக் குலுக்கலுக்கான பெட்டியோ கந்தசாமியின் வேனிலேயே கிடந்தது. பெட்டியும் பெயர் எழுத இடமும் இருந்தால் நம் ஜனம் வேறென்ன நினைக்கும்? சமோசாக் கையோடு வரிசையில் நின்று எழுதிப் போட்டார்கள். சிலர் போன் நம்பரும் சேர்த்து எழுதினார்கள். சேனாபதி தன் பெயரில் ஒன்று, மாமியார் பெயரில் ஒன்று.

பரிசு எடுக்கும் நேரத்தில் கந்தசாமி அந்தப் பெட்டிக்குள்ளேயே கையை விட்டு ஒரு சீட்டை எடுத்து, மைக்கில் வாசித்தார்: "ரைஸ் குக்கர் வெல்லும் அதிர்ஷ்டசாலி... நான் இன்று முதல் மது அருந்த... ஏனுங்ணா மயில்சாமி, இது என்னங்ணா?"

கூரை பிய்த்துக்கொள்ளும் சிரிப்பு. சீட்டு சேனாபதியுடையது. அவர் ஏறி வந்து ரைஸ் குக்கரை வாங்கிக்கொண்டார்.

கூட்டம் கலைந்தது. "வாங்ணா, பேஸ்மென்ட்ல வெயிட் பண்றோம். இன்னிக்கு உங்களுக்குத்தான் பார்ட்டி," என்று தோளைத் தட்டிவிட்டுக் கந்தசாமி போனார். வசந்தாமணி காருக்குப் போகும் வழியில் மேசையருகே நின்றார்.

"நீங்க போட்டீங்களா?"

"நான் டைரக்டர், வசந்தா."

வசந்தாமணி வெளியே போனார். லாபியில் மயில்சாமி மட்டும். பெட்டியைக் கவிழ்த்து எண்ணினார். நூற்று நாற்பத்தொன்று. அத்தனை பேரும் என்னவென்று தெரியாமல் போட்டிருக்கிறார்கள். தெரிந்தவர் ஒரே ஒருவர், அவர் போடவில்லை. ஒரு வெற்றுச் சீட்டை எடுத்தார். வைத்தார். கண்ணாடிக் கதவு வரை போய் வந்தார். மறுபடி எடுத்தார்.

வெண்பா கதவைத் தள்ளிக்கொண்டு வந்தாள். ஆறடி தள்ளி நின்று தரையைப் பார்த்தாள்.

"அப்பா. அம்மா கார்ல இருக்காங்க."

ஃபைவ் மினிட்ஸ் என்ற பதில் வராததால் நிமிர்ந்து பார்த்தாள். அப்பாவின் இடது கையில் சீட்டு இருந்தது. வலது கை காலியாக, வளைந்தபடி இருந்தது. கிட்டே வந்து, தொங்கிக்கொண்டிருந்த பேனாவை எடுத்து அந்த வட்டத்துக்குள் செருகினாள். சணல் நீளம் போதவில்லை. மேசையின் உயரத்துக்கு அவர் நன்றாகக் குனிய வேண்டியிருந்தது.

எழுதி முடித்த சீட்டை அவர் பெட்டியில் போடவில்லை. அவளிடம் நீட்டினார். "கண்ணு, இத அம்மாகிட்டக் குடு. பின்னாடியே வந்துட்டிருக்கேன்னு சொல்லு." அவள் ஓடினாள். அவர் சுவரைத் தொடாமல் வாசல் படியிறங்கினார்.

இதைப் படிக்கிறவர்கள், அன்றைக்கு அந்த வரிசையில் நின்ற யாரையாவது பார்த்தால் தயவுசெய்து சொல்லிவிடுங்கள்: அது குலுக்கல் சீட்டு இல்லை.