ஷெரீப் தொட்ட விரல்

போன வாரம் மீஞ்சூரில் ஒரு கூட்டத்தில் எனக்கும் பொன்னாடை போர்த்தினார்கள். மலிவான சரிகை, குஞ்சம் கழுத்தில் பட்டுக் கூசியது. பேசுகிறவர் என்னை ஏதோ புகழ்ந்துகொண்டிருக்க, நான் பொன்னேரிக்குப் போய்விட்டேன்.

அறுபதுகளில் அங்கே ஒரு தொழுநோய் ஆராய்ச்சி நிலையம் இருந்தது. நிலையம் என்றதும் பெரிதாக நினைத்துக்கொள்ளாதீர்கள். இரண்டு அறை, ஒரு வேப்பமரம், ஒரு டாக்டர், உதவிக்கு நான். மரத்துப்போன விரலில் உணர்ச்சி திரும்புமா என்பதுதான் டாக்டரின் ஆராய்ச்சி. நோயாளியைக் கண்ணை மூடச் சொல்வார். பஞ்சைத் திரித்து, நுனியால் ஒரு விரலைத் தொடுவார். எந்த விரல் என்று அவர்கள் சொல்ல வேண்டும்.

பழவேற்காட்டுக் கன்னியம்மாவுக்கு வலது சுண்டு விரல் மரத்திருந்தது. அடுப்பிலிருந்து சட்டியை இறக்கும்போது, தோல் கருகும் வாசனை வந்த பிறகுதான் சுட்டது தெரிந்ததாம். டாக்டர் மனம் குளிரட்டும் என்று எப்போதும் "சுண்டு வெரலு" என்பாள்.

"இன்னும் நான் தொடவே இல்லையேம்மா!"

"தொடத்தானே போறீங்கோ. முன்னாடியே சொல்லிக்கினா இன்னாவாம்?"

எழுபதுகளில் டாக்டரைப் பட்டணத்துக்கு ஷெரீப் ஆக்கினார்கள், விழாக்களுக்குத் தலைமை தாங்கும் கௌரவப் பதவி. இனி நமக்குக் கட்டடம் வரும், மருந்து வரும் என்று நான்தான் ஊரெல்லாம் சொல்லித் திரிந்தேன். வந்தது எதுவும் இல்லை. விமான நிலையத்தில் விருந்தாளிக்கு மாலை, மாலையில் திறப்பு விழா, மறுநாள் இரங்கல் கூட்டம். பொன்னேரிக்கு அவர் வருவது குறைந்தது, பிறகு நின்றது. வீட்டுக்கே போய்க் கேட்டேன்.

"அங்கிதான்பா குடுத்திருக்காங்க. அதிகாரம் குடுக்கலை" என்றார்.

நிலையத்தைப் பூட்டினார்கள். நான் கும்மிடிப்பூண்டிப் பக்கம் ஒரு தொழிற்சாலையில் குமாஸ்தா ஆனேன்.

ஒருநாள் கன்னியம்மா அங்கேயே வந்து நின்றாள். "சுண்டு வெரலு குறுகுறுங்குது சார். சத்தியமா." பஞ்சால் தொட்டுப் பார்த்தேன். ஒரு தடவை சரி, ஒரு தடவை தப்பு. உண்மையென்றால் டாக்டரின் இத்தனை வருட வேலை பலித்தது என்று பொருள். நிலையத்தைத் திறக்கச் சொல்லிக் கேட்க ஒரு காரணம் கிடைக்கும். அவர் பார்த்தால்தான் அதற்கு மதிப்பு.

தொழிற்சாலையின் புதுக் கட்டடத்தைத் திறக்க ஷெரீப்பே வந்தார். மாலை போடும் வரிசையில் கன்னியம்மாவை நிறுத்தினேன். அவள் கையைப் பார்த்ததும் அவர் முகம் மாறியது. மாலையைக் கழற்றிப் பின்னால் கொடுத்தார். தோளில் கிடந்த பொன்னாடையின் குஞ்சத்தில் ஒரு நூலை உருவினார்.

"கண்ண மூடு."

மூடினாள். அவர் குனிந்து தொட்டார். நான் மேடைக்குக் கீழே நின்றிருந்தேன். அவர் முதுகுதான் தெரிந்தது. அதற்குள் ஒலிபெருக்கியில் அடுத்த பெயர். "சார், இங்க பாருங்க" என்றார் போட்டோக்காரர். யாரோ முழங்கையைப் பிடித்து அவரை நகர்த்தினார்கள்.

"சுண்டு வெரலு, டாக்டரே" என்று கண்ணைத் திறந்தாள் கன்னியம்மா. எதிரே எங்கள் மேனேஜர் நின்றிருந்தார்.

காரை நோக்கி ஓடினேன். கண்ணாடியை இறக்கி, "என்ன சொன்னா?" என்றார்.

"சுண்டு விரல் சார். நீங்க எதைத் தொட்டீங்க?"

அவர் வாயைத் திறந்தார். கார் கிளம்பிவிட்டது. அடுத்த விழாவுக்கு நேரமாகிவிட்டதாம். பிறகு அவர் வீட்டுக்கு எத்தனை முறை போனாலும், ஷெரீப் விழாவுக்குப் போயிருக்கிறார் என்றார்கள்.

நிலையம் இருந்த இடத்தில் இன்று சிமென்ட் கிடங்கு. வேப்பமரத்தை வெட்டியாயிற்று. டாக்டர் இல்லை, கன்னியம்மாவும் இல்லை. எந்த விரலைத் தொட்டார் என்பது எனக்கு இன்றுவரை தெரியாது.