அஷ்டமி ஐந்து இருபது வரை

என் முனைவர் பட்டம் கடைசி நேரத்தில் ஸ்ரீரங்கத்து ஜெராக்ஸ் கடைக்காரர் ஒருவரின் பஞ்சாங்கத்திடமும் அவர் வீட்டுப் பூனையிடமும் போய் மாட்டிக்கொண்டது. ஆய்வேட்டின் நன்றியுரையில் கடைக்காரருக்கும் பூனைக்கும் நன்றி சொல்லியிருந்தேன். பூனையை மட்டும் நீக்கிவிடும்படி நெறியாளர் சொன்னார்.

நான் பொன்மலை ரயில்வே குடியிருப்பில் வளர்ந்தவள். அப்பா பணிமனையில் ஃபிட்டர். எங்கள் பள்ளியில் தமிழ் வகுப்பு நிரம்பி வழிந்ததால், தாமதமாக வந்து சேர்ந்த எங்களில் நாலு பேரைச் சமஸ்கிருத வகுப்பில் கொண்டுபோய் உட்காரவைத்தார்கள். மற்ற மூன்று பேரும் அடுத்த வருடமே தப்பித்துவிட்டார்கள். நான் மாட்டிக்கொண்டேன், பிறகு அதுவே பிடித்தும்போனது. திருச்சியில் ஒரு கல்லூரியில் பதினோரு வருடம் தற்காலிக ஆசிரியையாகவே சமஸ்கிருதம் சொல்லிக்கொடுத்தேன். அந்த மார்ச் மாதக் கடைசிக்குள் ஆய்வேட்டைச் சமர்ப்பித்தால் வேலை நிரந்தரம். இல்லையென்றால் வீட்டில் உட்கார வேண்டியதுதான். பல்கலைக்கழகம் ஏற்கெனவே இரண்டு முறை அவகாசம் கொடுத்திருந்தது. மூன்றாவது முறை கேட்டபோது அங்கிருந்த குமாஸ்தா என்னைப் பார்த்துச் சிரித்த சிரிப்பே பதிலாக இருந்தது.

ஆய்வு என்னவென்றால், நம் இதிகாசம் ஒன்றில் ஒரு காண்டத்தை எடுத்துக்கொண்டு, தென்னாட்டு ஓலைச்சுவடிகளில் அதன் சுலோகங்கள் எங்கெங்கே சொல் மாறி வருகின்றன என்று பட்டியல் போடுவது. பாடபேதம் என்று இதற்குப் பெயர். என் கணவர் ஒரு நாள் கேட்டார், "மூணு ஏட்டுல மூணு விதமா இருந்தா எது சரி?"

"அது தெரியாதுங்க."

"தெரியாதுங்கறதையா ஆறு வருஷமா எழுதிக்கிட்டிருக்கே?"

அதற்குப் பிறகு அவர் ஆய்வைப் பற்றிக் கேட்டதில்லை. நானும் அவர் கேட்காததில் சந்தோஷமாகவே இருந்தேன்.

மூன்று சுவடிகளை ஒப்பிட்டு முடித்து, எல்லாம் ஆயிற்று என்று ஒரு கார்த்திகை மாதத்தில் அத்தியாயங்களைப் பிரதி எடுக்க அந்தக் கடைக்குப் போனேன். சித்திரை வீதி முனையில் சின்னக் கடை. 'ஐந்தே நிமிடத்தில்' என்று பலகை தொங்கும். கடைக்காரருக்கு என் வயதுதான் இருக்கும். நெற்றியில் ஸ்ரீசூர்ணம், காதில் பேனா. தாள்களை அடுக்கிக்கொண்டே வந்தவர் ஒரு பக்கத்தில் நின்றுவிட்டார். "எங்காத்துச் சுவடில இந்த சுலோகம் இப்படி இல்லையே" என்றார்.

யாரும் பட்டியலிடாத ஒரு சுவடி, அதுவும் நான் ஆறு வருடமாக டீ குடித்த கடைக்குப் பக்கத்து வீட்டில் இருக்கிறது! நெறியாளருக்குப் போன் செய்தேன். சொல்லாமலே இருந்திருக்கலாம். "அதைப் பார்க்காம சமர்ப்பிக்காதீங்கம்மா. வாய்மொழித் தேர்வுல யாராவது கேட்டா என்ன சொல்லுவீங்க?" என்று சொல்லிவிட்டு அவர் நிம்மதியாக மத்தியானத் தூக்கத்துக்குப் போய்விட்டார்.

சுவடியைக் காட்டக் கடைக்காரர் ஒப்புக்கொண்டார். நிபந்தனைகள் மட்டும் கொஞ்சம் இருந்தன. ஏடு வீட்டைவிட்டு வெளியே வராது. போட்டோ கூடாது. ஜெராக்ஸ் கூடவே கூடாது.

"சார், நீங்களே ஜெராக்ஸ் கடை வெச்சிருக்கீங்க!"

"அதனாலதான் சொல்றேன். நகல் எடுத்துண்டு போனவா ஒருத்தராவது திரும்பி வந்து பார்த்திருக்கேளா?"

ஒரு முறை மணி பார்க்கக் கைபேசியை எடுத்தபோதுகூட அவர் மேல்துண்டால் ஏட்டை மூடினார்.

ஆக, பழைய முறைதான். சனி, ஞாயிறு காலை ஆறு மணிக்குக் கூடத்தில் எதிரும் புதிருமாக உட்காருவோம். அவர் ஏட்டைப் பிடித்துக்கொண்டு கிரந்த எழுத்தை உரக்க வாசிப்பார். நான் அச்சுப் புத்தகத்தில் விரலை ஓட்டிக்கொண்டே வந்து, எங்கே மாறுகிறதோ அங்கே குறித்துக்கொள்வேன். எட்டரைக்கு அவர் கடை திறக்கப் போய்விடுவார். இதற்காக நான் பொன்மலையிலிருந்து முதல் பஸ் பிடித்து, சத்திரம் பஸ் நிலையத்தில் இறங்கி, இன்னொரு பஸ் மாறி, தலையில் ஈரத்தோடு வந்து நிற்பேன். முதல் நாள் அவர் என் குலம் கோத்திரம் எல்லாம் விசாரிப்பாரோ என்று பயந்துகொண்டு போனேன். அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

"தீர்த்தமாடிட்டு வந்தேளோன்னோ? இன்னிக்கு என்ன திதின்னு தெரியுமோ?"

தெரியாது என்றேன். அன்று சதுர்தசி. அன்றைக்குப் படிக்கக்கூடாது. காபி குடித்துவிட்டுத் திரும்பினேன்.

சாஸ்திரம் படிப்பதற்கு விலக்கப்பட்ட நாள்கள் உண்டு என்று எனக்கும் தெரியும். வகுப்பில் நானே பாடம் எடுத்திருக்கிறேன். பிரதமை, அஷ்டமி, சதுர்தசி, அமாவாசை, பௌர்ணமி. பரீட்சையில் கேட்டால் ஐந்து மதிப்பெண். அதை ஒருவர் உண்மையாகவே கடைப்பிடிப்பார், அது என் தலையில் வந்து விடியும் என்று எதிர்பார்க்கவில்லை. வந்த சனி ஞாயிறுகளில் பாதி இந்தத் திதிகளிலேயே போனது. மீதியில் பெருமாள் புறப்பாடு. மார்கழியிலும் தையிலும் அந்த வீட்டுக் காபியைக் குடித்தேனே தவிர ஏட்டைத் தொட்டது குறைவு.

ஒரு நாள் பொறுக்க முடியாமல் கேட்டேன். "சார், இந்த விலக்கெல்லாம் வேதத்துக்குச் சொன்னது. இதிகாசத்துக்கு இல்லை."

"இதிகாசம் அஞ்சாவது வேதம்னு யார் சொன்னா? உங்களைப்போலப் படிச்சவாதானே?"

என் சொந்த ஆய்வேட்டின் முதல் வரியே அதுதான்.

பூனை மாசி மாதத்தில் வந்தது. படிக்கிறவர்கள் இருவருக்கும் நடுவே பூனை, நாய், தவளை மாதிரி ஏதாவது கடந்துபோனால் அன்று முழுவதும் படிப்பை நிறுத்த வேண்டும் என்றும் ஒரு விதி இருக்கிறது. அதையும் நான் வகுப்பில் சிரித்துக்கொண்டே சொல்லிக்கொடுத்திருக்கிறேன். அந்தச் சாம்பல் நிறப் பூனை கொல்லைப் பக்கம் படுத்துத் தூங்குகிற ஜாதி. ஆனால் அவர் வாசிக்க ஆரம்பித்த கால் மணியில் அதற்கு வாசலில் ஏதாவது வேலை வந்துவிடும். கூடத்தின் நடுவே, எங்கள் இரண்டு பேருக்கும் இடையே, வாலைத் தூக்கிக்கொண்டு கல்யாண வீட்டுச் சம்பந்தியம்மாள் மாதிரி நடந்துபோகும். கடைக்காரர் உடனே ஏட்டைக் கட்டிவிடுவார். அதற்குப் பிறகு நான் பையில் பால் பாக்கெட் இல்லாமல் அந்த வீட்டுக்குப் போனதில்லை. சமஸ்கிருதத்தில் முதுகலைப் பட்டம் வாங்கிய நான், காலை ஐந்தே முக்காலுக்குக் கொல்லையில் குந்திக்கொண்டு, "குடிச்சிட்டுப் படும்மா, தாயே" என்று ஒரு பூனையிடம் கெஞ்சினேன். கடைக்காரரின் மனைவி கிணற்றடியில் நின்று பார்த்துவிட்டு, "அதுக்கு ஆவின் பிடிக்காது" என்றார்.

மார்ச் கடைசி வந்தது. திங்கட்கிழமை மாலை ஐந்து மணிக்குள் ஆய்வேடு பல்கலைக்கழகத்தில் இருக்க வேண்டும். அதற்கு முந்தைய சனிக்கிழமை, மூன்றே ஏடுகள் பாக்கி. சப்தமி, நல்ல நாள். அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு முதல் அடியை வாசித்தார். பூனை நடந்தது.

"நாளைக்கு..." என்றேன்.

"நாளைக்கு அஷ்டமி" என்றார்.

நான் எழுந்து வந்து பஸ் ஏறினேன். காவிரிப் பாலத்தில் பஸ் ஊர்ந்துகொண்டிருந்தது. மூன்று ஏட்டை விட்டுவிட்டு எழுதலாமா, நெறியாளர் கையெழுத்துப் போடுவாரா என்று குறிப்பேட்டைப் புரட்டினேன். முதல் பக்கத்தில் கண் நின்றது. சுவடியின் கடைசி ஏட்டில், அதை எழுதிய கடைக்காரரின் கொள்ளுத்தாத்தா தான் எழுதி முடித்த நாளைக் குறித்துவைத்திருந்தார். வாசிக்க ஆரம்பித்த அன்றே அதைக் கேட்டு எழுதிவைத்திருந்தேன். எங்களைப் போன்றவர்கள் அதில் வருடத்தை மட்டும் பார்த்துச் சுவடியின் வயதைக் கணக்குப் போட்டுக்கொள்வோம், மிச்சத்தைச் சீண்ட மாட்டோம். இப்போதுதான் மிச்சத்தைப் படித்தேன். ஆனி மாதம், தேய்பிறை, அஷ்டமி.

அடுத்த நிறுத்தத்தில் குதித்து இறங்கி எதிர் பஸ்ஸைப் பிடித்தேன். படிப்பு இல்லாததால் அவர் கடையைச் சீக்கிரமே திறந்திருந்தார்; ஆதார் அட்டையோடு ஏழெட்டுப் பேர் நின்றிருந்தார்கள். எல்லாரையும் விலக்கிக்கொண்டு போய்க் குறிப்பேட்டை இயந்திரத்தின் மேல் வைத்தேன்.

"பாருங்க சார்! உங்க கொள்ளுத்தாத்தா இதை அஷ்டமியிலதான் எழுதி முடிச்சிருக்கார்! அவர் எழுதலாம், நான் படிக்கக்கூடாதா?"

அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு நிதானமாகப் படித்தார். இரண்டு தரம் படித்தார். "அதான்" என்றார்.

"என்ன அதான்?"

"அதான் கடைசில இவ்வளவு தப்பு இருக்கு."

வரிசையில் நின்றவர்களில் ஒருவர் சிரித்தார். எனக்குக் கோபமாகத்தான் வந்தது, ஆனால் கண்ணில் தண்ணீர் கொட்டியது. பதினோரு வருடம், இரண்டு அவகாசம், அந்தக் குமாஸ்தாவின் சிரிப்பு, எல்லாவற்றையும் அந்த ஆதார் அட்டைக்காரர்கள் முன்னால் கொட்டினேன். வேலை போய்விடும் சார் என்றேன். கேவிக் கேவி அழுதேன். இப்போது நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது.

கடைக்காரர் யாருக்கோ எடுத்த நகலைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றார். பிறகு சுவரில் ஆணியில் தொங்கிய பஞ்சாங்கத்தை எடுத்தார். வெகுநேரம் புரட்டினார்.

"நாளைக்கு சாயங்காலம் அஞ்சு இருபது வரைக்கும்தான் அஷ்டமி. அப்புறம் நவமி. அஞ்சரைக்கு வாங்கோ."

ஞாயிற்றுக்கிழமை ஐந்தேகாலுக்கே போய் வாசலில் நின்றேன். அவர் மனைவி பூனையைத் தூக்கிக்கொண்டு சமையலறைக்குள் போய் உள்ளே தாழ்ப்பாள் போட்டுக்கொண்டார். உள்ளிருந்து கேட்ட சத்தத்தை வைத்துச் சொன்னால், பூனைக்கு அதில் சம்மதம் இல்லை. அவர் வேகமாக வாசித்தார். இத்தனை மாதத்தில் அவர் அப்படித் தடுமாறி நான் பார்த்ததில்லை. நானும் அவசர அவசரமாகக் குறித்துக்கொண்டேன். ஏழு மணிக்குள் மூன்று ஏடும் முடிந்தன. திங்கட்கிழமை நாலரை மணிக்கு ஆய்வேடு குமாஸ்தாவின் மேசையில் இருந்தது. இந்த முறை சிரித்தது நான்.

வாய்மொழித் தேர்வு ஆவணியில் நடந்தது. வெளியூரிலிருந்து வந்த தேர்வாளர் நல்லவர், பட்டத்துக்குப் பரிந்துரைத்துவிட்டார். ஒரே ஒரு குறை சொன்னார். நாலு இடத்தில் சந்தம் உதைக்கிறது, ஏட்டிலேயே அப்படி இருக்கிறதா, நீங்கள் தப்பாகக் குறித்தீர்களா, மறுபடி பார்த்துத் திருத்திக் கொடுங்கள் என்றார். பார்த்தேன். நாலும் கடைசி மூன்று ஏடுகளில் இருந்தன.

பைண்டு செய்த ஆய்வேட்டுப் பிரதி ஒன்றையும் ஒரு டப்பா மைசூர்பாக்கையும் எடுத்துக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். தேர்வாளர் சொன்னதைச் சிரித்துக்கொண்டே சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. பிரதியைத் திறக்காமல் மடியில் வைத்துக்கொண்டு தரையைப் பார்த்தார். அவர் மனைவிதான் சமையலறை வாசலில் நின்று சொன்னார்.

"சொல்லிடுங்கோளேன்னா. அன்னிலேர்ந்து இதேதான் புலம்பல். கடைல தொங்கறது திருக்கணிதப் பஞ்சாங்கம், அந்த நகைக்கடைக்காரா இனாமாக் குடுத்தது. இந்தாத்துல ஏழு தலைமுறையா வாக்கியப் பஞ்சாங்கம்தான். அதும்படிக்கு அன்னிக்கு ராத்திரி ஒம்பது மணி வரைக்கும் அஷ்டமி."

நான் அவரைப் பார்த்தேன். "தெரிஞ்சேவா சார் வாசிச்சீங்க?"

"தெரிஞ்சேதான்." மூக்குக்கண்ணாடியைத் துடைத்தார். "நீங்கோ கடைல அழுதேளே. நான் என்ன பண்ணுவேன்? வேற பஞ்சாங்கத்தைத்தான் பார்த்தேன். எங்கப்பா இருந்திருந்தா என்னைக் கொன்னிருப்பார்."

ஏழு தலைமுறையாக விடாததை, ஒரு ஜெராக்ஸுக்கும் ஒப்புக்கொள்ளாத மனிதர், பொன்மலையிலிருந்து பஸ் மாறி வருகிற ஒருத்திக்காக விட்டிருக்கிறார். அவரை நான் எத்தனை தரம் மனதுக்குள் திட்டியிருக்கிறேன் என்று நினைத்துக் கூசினேன். பூனை வந்து எங்கள் நடுவே படுத்துக்கொண்டது.

"அந்த நாலு இடத்தையும் மறுபடி பார்க்கணும் சார்" என்றேன். "எப்ப வரட்டும்?"

அவர் முகத்தில் வெளிச்சம் வந்தது. எழுந்து உள்ளே போனார். பூஜை அலமாரியிலிருந்து வீட்டுப் பஞ்சாங்கத்தைக் கொண்டுவந்து பிரித்தார்.

"இன்னிக்கு சதுர்தசி. நாளைக்குப் பௌர்ணமி. அதுக்கு மறுநாள் பிரதமை. மூணு நாள் கழிச்சு, துவிதியைக்கு வாங்கோ."

திருத்தங்களைக் கொடுக்க எனக்கு அந்த வாரக் கடைசிவரைதான் நேரம் இருந்தது. கடைப் பஞ்சாங்கத்தில் என்ன போட்டிருக்கிறது என்று நான் கேட்கவில்லை. துவிதியைக்கே வருகிறேன் என்று சொல்லிவிட்டுக் காபியைக் குடித்தேன்.