ஒரே குடையில வாதியும் பிரதிவாதியும்

அட விடு தங்கச்சி, கோயில் கட்டுறதுல சண்டை வந்து கோர்ட்டுக்குப் போறதெல்லாம் ஒரு அதிசயமா? நம்ம ஈப்போ சிலிபின்ல இப்பத்தான் பாக்குறீங்க. எங்க பெரியண்ணனும் எங்க வீட்டுக்காரரும் அப்பவே போயி வந்தாச்சு லா. ரெண்டு பேரும் எதிரெதிர் கட்சி. ஆனா தோட்டத்துலேர்ந்து கோர்ட்டுக்குக் காலையில ஒரே பஸ்ஸுதான். அவரு முன்னாடி சீட்டு, அண்ணன் பின்னாடி சீட்டு. ரெண்டு பேருக்கும் சோத்துப் பொட்டலம் கட்டிக் குடுத்தது நான். ஒரே கொழம்பு, ஒரே கருவாடு. என்ன சிரிக்கிற?

அது ரப்பர் தோட்டம், கோலா கங்சார் பக்கம். எங்க அப்பா காலத்து ஆளுங்க கித்தா காட்டுல புத்துமண்ணு எடுத்து, மேல சுண்ணாம்பு பூசி செஞ்ச மாரியாத்தா. மூக்கு மட்டும் ஒரு பக்கமா சாஞ்சிருக்கும். எனக்கு அந்த மூக்குதான் ரொம்பப் பிடிக்கும், நம்மள மாதிரி ஒருத்தின்னு தோணும். எழுபதுகள்ல கோயில பிரிச்சுப் பெருசாக் கட்டலாம்னு கமிட்டி கூடுச்சு. எங்க வீட்டுக்காரரு தலைவரு. மூக்கு உடைஞ்ச சாமிக்குப் பூசை பண்ணக் கூடாது, அத ஆத்துல விட்டுட்டு ஊர்லேர்ந்து கப்பல்ல கருங்கல்லு ஆத்தாவ இறக்குவோம்னாரு. எங்க அண்ணன் எந்திரிச்சாரு.

"அது ஒடஞ்ச மூக்கு இல்ல மாப்ள. ஆத்தா பொறந்ததே அப்படித்தான்."

அவ்வளவுதான், கேஸு ஈப்போ கோர்ட்டுக்குப் போயிருச்சு.

நீ சர்ச்சுக்குப் போறவ, ஒனக்கு இது தெரிஞ்சிருக்காது. கோயில பிரிக்கிறதுன்னா ஆத்தாவ மொதல்ல பக்கத்துல ஒரு கொட்டாயில வச்சிருவோம். பாலாலயம்னு சொல்றது. எங்க ஆத்தாவும் கேஸுக்கு முன்னாடியே கொட்டாயிக்கு வந்துட்டா. வேலை முடிஞ்சு கும்பாபிசேகம் ஆகுற வரைக்கும் திருவிழா கெடையாது, சன்னதியில கல்யாணமும் கெடையாது. இங்கதான் நான் மாட்டிக்கிட்டேன். அண்ணன் மகள என் பெரியவனுக்குன்னு அது தொட்டில்ல கெடக்கும்போதே பேசி வச்சது. அதுங்க ரெண்டும் ஒண்ண ஒண்ணு பாத்துச் சிரிக்க ஆரம்பிச்சிருச்சுங்க வேற. அண்ணன் வாசல்ல நின்னு சொல்லிட்டாரு, "ஆத்தாள ஆத்துல விடுற வீட்டுக்கு எம் பொண்ணு வராது." எங்க வீட்டுக்காரரு உள்ளேர்ந்து, பொண்ணுக்கா பஞ்சம்னாரு. நான் ரெண்டு பேருக்கும் நடுவுல காப்பி டம்ளர வச்சிக்கிட்டு நிக்கிறேன்.

தீர்ப்பு வர்ற வரைக்கும் யாரும் கை வைக்கக் கூடாதுன்னு நீதிபதி சொல்லிட்டாரு. இந்த ஆம்பளைங்க அத எப்படிப் புரிஞ்சிக்கிட்டாங்க தெரியுமா? சுத்தி லாலான் புல்லு மொளைச்சாலும் புடுங்கக் கூடாதாம். கூட்டக் கூடாதாம். பூசாரி வெளக்கக்கூட எட்ட நின்னுதான் ஏத்துவாரு.

ஒரு நா காலையில பேய்க்காத்தும் மழையும். மரம் வெட்டிப் பால் எடுக்க முடியாம எல்லாரும் லயத்து வீட்டுலதான் இருந்தோம். கொட்டாயி தகரம் பிச்சிக்கிட்டுப் போயி கித்தா மரத்துல மாட்டிக்கிச்சு. ஆத்தா மழையில நனையிறா. தகரத்த ஏத்துனா அது கட்டட வேலை, கோர்ட்டு உள்ள தூக்கி வச்சிரும்னு ஒருத்தரும் கிட்டப் போகல. எங்க வீட்டுக்காரரு குடைய எடுத்துக்கிட்டு ஓடுனாரு. குடை புடிக்கிறது கட்டடம் இல்லையே. தலைவரு தனியாப் போறாரு, ஏதோ பண்ணப் போறாருன்னு அண்ணனும் பின்னாடியே ஓடுனாரு. அவருகிட்ட குடை இல்ல.

நான் பக்கத்துல துண்டத் தலையில போட்டுக்கிட்டு நின்னேன். இவரு ஆத்தாளுக்குக் குடை புடிக்க, அண்ணனும் அதுக்குள்ளயே ஒண்டிக்கிட்டாரு. அப்புறம் அண்ணன்தான், "மாப்ள, கொஞ்சம் இங்கிட்டு சாய்ங்க, ஆத்தா தோளு நனையுது"ன்னாரு. இவரு சாச்சாரு. மழையில வருசக்கணக்கா அடிச்ச பெயிண்டெல்லாம் கரைஞ்சு வழிஞ்சிக்கிட்டிருந்துச்சு. மூக்கு கிட்ட அடிச் சுண்ணாம்பு வெள்ளையாத் தெரிஞ்சுது. ஒடைஞ்ச எடம் எதுவும் இல்ல தங்கச்சி. ஓரத்துல யாரோ கட்டை விரலால அமுக்கி வழிச்ச தடம். அந்தக் காலத்து ஆளு கை கோணிப் போச்சு, அவ்வளவுதான்.

எங்க வீட்டுக்காரரு குனிஞ்சு பாத்தாரு. தொடல. ஆர்டர் இருக்குல்ல.

"மச்சான், நீங்க சொன்னதுதான் சரி. ஒடைஞ்சது இல்ல இது."

அண்ணன் மூஞ்சியத் தொடைச்சிக்கிட்டே, "அப்ப கல்லு ஆத்தாவும் வரட்டும். அக்கா தங்கச்சியா இருந்துக்கிடட்டும்"னாரு.

ரெண்டு பேரும் சேந்து போயி கேஸ வாபஸ் வாங்குனாங்க. அன்னிக்குப் பஸ்ஸுல ஒரே சீட்டு. அங்க போயித்தான் தெரிஞ்சுச்சாம், புதுசாக் கட்டக் கூடாது, பழச இடிக்கக் கூடாது, அதுதான் ஆர்டரு. தகரத்த மாட்டுனா யாருங்க கேக்கப் போறாங்கன்னு லாயரு சிரிச்சாராம். கும்பாபிசேகம் ஆகி அந்தச் சன்னதியில மொதக் கல்யாணம் எங்க வீட்டுக் கல்யாணம்தான். தாலி கட்டுற நேரத்துல நான் கல்லு ஆத்தாவப் பாக்கல, பக்கத்துல இருந்த மூக்குச் சாஞ்சவளத்தான் பாத்துக்கிட்டிருந்தேன்.

இரு, உள்ளேர்ந்து கூப்பிடுறா என் மருமக. "அத்தே, சோறு பொங்குது, வடிக்கிறீங்களா இல்லையா?" கேட்டியா அதிகாரத்த? அண்ணன் மகளாச்சே. வாரேன் லா.