கொடி பிடித்த படம்

மொன்றியலில் இறங்கியதுமே தெரிந்துவிட்டது, நான் தங்கப்போகும் வீட்டில் அப்பாவுக்கும் மகளுக்கும் பேச்சுவார்த்தை இல்லை. விமான நிலையத்திலிருந்து கர்க்லாண்டில் இருக்கும் அவர்கள் வீட்டுக்குப் பன்னிரண்டு கிலோமீட்டர். அவ்வளவு தூரமும் இருவரும் என் வழியாகவே பேசினார்கள்.

மாலதி என் சென்னை விடுதித் தோழி, இப்போது மானிடவியல் பேராசிரியை. எண்ணெய்ப் பணம் ஓர் அரசுக்கு எப்படி அதிகாரம் தருகிறது என்று வளைகுடா நாடொன்றில் பல வருடம் ஆராய்ந்தவள். வரி கேட்கத் தேவையில்லாத அரசு மக்களிடம் எதையுமே கேட்காது, கைதட்டினால் போதும் என்பது அவள் வாதம். அப்பா அவளைப் படிக்கவைத்ததோ அதே நாட்டின் எண்ணெய் ஆலையில் உழைத்து!

சண்டைக்குக் காரணம் கூடத்தில் மாட்டியிருந்த படம். புது நெடுஞ்சாலையோரம், ஆரஞ்சு வேலையுடுப்பில், அந்த வளைகுடா நாட்டின் கொடியோடு அப்பா. திறப்புவிழாவுக்காகத் தொழிலாளர் முகாமிலிருந்து பஸ்ஸில் ஏற்றிவந்து நிறுத்தியிருந்தார்கள். வியாழக்கிழமை பல்கலைக்கழக உரையில் மாலதி அதைக் காட்டுவதாக இருந்தாள்.

"என்னைக் கோமாளியாக்கப் போறாள். அதைப் போட்டா நான் வரமாட்டன்" என்றார் அப்பா என்னிடம்.

"உரையில இருந்து எடுத்திட்டன் எண்டு அவரிட்டைச் சொல்லு" என்றாள் மாலதி என்னிடம். அந்தப் படத்துக்காகவே எழுதிய உரை. அவள் முகம் வாடிப்போயிற்று.

வியாழனன்று மாலதி முன்பே போய்விட்டாள். மாலை நான்கு மணிக்கு அப்பா கோட்டும் டையுமாக நின்றார். "உன்னை இறக்கிவிடத்தான் வாறன், பிள்ளை. நான் காருக்குள்ள இருப்பன்." காருக்குள் உட்கார யாராவது டை கட்டுவார்களா!

சாலை வேலைக்கு வைத்த ஆரஞ்சுக் கூம்புகளால் நகருக்குள் போக ஒரு மணி நேரம். "இவ்வளவு வரி எடுக்கிறாங்கள், றோட்டைப் பார்!" என்று வழியெல்லாம் திட்டினார்.

"அங்கேயும் இப்படித் திட்டுவீங்களா, அங்கிள்?"

"அங்கை றோட்டு நல்லாத்தான் இருந்தது" என்றார்.

காரைப் பூட்டிவிட்டு என் பின்னாலேயே வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்தார். உரை முடிந்ததும் எழுந்தார்.

"பிள்ளை, என்ர படம் எங்கை?"

"நீங்கள்தானே வேண்டாமெண்டனீங்கள், அப்பா?"

"ஓம், சொன்னனான். இப்ப போடு."

திரையில் படம் வந்தது. அவர் சபையிடம் ஆங்கிலத்தில் சொன்னார், எனக்கு அவருடைய தமிழாகவே நினைவிருக்கிறது: "அது நான்தான். கைதட்டச் சொன்னாங்கள், தட்டினன். நீ என்ன நினைக்கிறாய் எண்டு அங்கை ஒருத்தரும் கேட்கேல்லை. இவள்தான் முதல்ல கேட்டவள்; வேண்டாமெண்டன், எடுத்திட்டாள்."

மாலதி மேடையிலேயே அழுதுவிட்டாள். நானும்தான், மறைப்பானேன்.

எங்கள் மதுரையில் கூட்டத்துக்கு ஆள் சேர்க்க ஒரு லாரியும் பிரியாணிப் பொட்டலமும் போதும், எண்ணெய்க் கிணறே வேண்டாம். ஊருக்குக் கிளம்பிய காலை காரில் இதைச் சொன்னபோது அப்பா குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். அதற்குள் கார் ஒரு குழியில் இறங்கி ஏறியது. அப்பாவும் மகளும் சேர்ந்து அரசாங்கத்தைத் திட்ட ஆரம்பித்தார்கள். விமான நிலையம் வரும்வரை என் பக்கம் ஒருவரும் திரும்பவில்லை.